ஆறு மூச்சு

திரையில் அவர் வந்தது மொத்தம் பத்தொன்பது நொடி.
படம் ஐம்பத்திரண்டு நிமிடம்.
அவர் சட்டைக் காலருக்குள் மைக்கை ஒளித்தவன் நான்,
எனக்கு அவர் நாள் முழுக்க வந்தார்.

ஹெவின் ப்ரிட்சர்ட். வேல்ஸில்
ஆட்டைவிட மழை அதிகமான ஒரு பள்ளத்தாக்கு.
தொழில், பல்செட் செய்வது.
முப்பத்தாறு வருடம் ஊரார் வாய்க்கெல்லாம் அச்செடுத்தவர்.
ஞாயிறுகளில் ரயில்.

முதல் படத்தில் அவர் பெயருக்குக் கீழே
"முன்னாள் எஞ்சின் ஓட்டுநர்" என்று போட்டார்கள்.
அடுத்ததில் "வரலாற்றாசிரியர்".
மூன்றாவதில் பெயரே இல்லை, தொப்பி மட்டும்.

நிஜ ஓட்டுநர் இத்வல், பப்பில் எல்லார் முன்னாலும் எழுந்து
"வாங்க ஓட்டுநரே, என் இடத்தில் உட்காருங்க" என்றாராம்.
பதினைந்து நாள் ஹெவின் அந்தத் தெருப் பக்கமே போகவில்லை.
இதை என்னிடம் அவர் சொல்லவில்லை.
நடைமேடையில் தங்கையோடு போனில் பேசினார்,
நான் மைக்கை அணைக்க மறந்திருந்தேன்.
மறந்திருந்தேன் என்றுதான் இப்போதும் சொல்லிக்கொள்கிறேன்.

இயக்குநருக்குக் கரும்புகை வேண்டும்.
"நல்ல நெருப்புக்குப் புகை இருக்காது,
கறுப்பாக வந்தால் கரி வீணாகிறதென்று அர்த்தம்."
மூன்று கோணத்தில் மூன்று முறை சொன்னார் ஹெவின்,
மூன்று முறையும் முதல் முறை போலவே வியந்து.
கரி அள்ளும் பெண் நாலு வாரி கூடுதலாகப் போட்டாள்.
வானம் கறுத்தது. இயக்குநர் கை தட்டினார்.
படத்தில் அந்த வாக்கியம் இல்லை.
புகை இருக்கிறது.

இனி நான் செய்தது.

அன்று பேய்க்காற்று. எஞ்சின் பாலம் ஏறிய சத்தம்
வெறும் இரைச்சலாகத்தான் பதிவானது.
எடிட்டிங் அறையில், இரவு ஒன்றரைக்கு,
வேறு நாட்டில், வேறு எஞ்சினில், என்றோ பிடித்த
ஒரு குபுகுபுவை எடுத்து ஒட்டினேன்.
சக்கரத்தோடு பொருந்தியது. யாருக்குத் தெரியப்போகிறது.

ஒளிபரப்பான இரவு, பெயர்கள் ஓடி முடியுமுன் போன்.
"அழகாக இருந்தது" என்றார் முதலில்.
கொஞ்சம் இருமினார்.
"அவளுக்கு மூன்று சிலிண்டர்.
சக்கரம் ஒரு சுற்றுக்கு ஆறு மூச்சு விடுவாள்.
நீங்கள் நாலுதான் கொடுத்திருக்கிறீர்கள்."
கோபமில்லை. அளவு சரியில்லை என்று
திரும்பி வந்தவரிடம் பேசும் குரல்.
"கடிக்கிறாள். ஆனால் வேறு யாருடைய பல்லாலோ."

காற்று, பட்ஜெட் என்று ஏதோ உளறினேன்.
மறுமுனையில் அவர் வீட்டுக் கெட்டில் விசிலடித்தது.

நான்காவது படத்துக்குப் போனபோது
படக்குழு எழுமுன், ஐந்தே முக்காலுக்கு
என் அறைக் கதவைத் தட்டினார்.
சகதியில் அரை மைல் ஏற்றம்.
பாறையை வெட்டிப் பாதை போட்ட இடம். "இங்கே காற்று வராது."
கேமரா இல்லை. சொல்ல வசனமில்லை.
பனியில் நனைந்த வேலியோரம் நான் மைக்கை நீட்டி நிற்க,
பக்கத்தில் மூச்சிரைக்க அவர்.

முதலில் தண்டவாளம் முனகியது.
பிறகு வந்தாள்.
அவர் விரல் என் சட்டைக் கையில் தாளம் போட்டது,
ஒன்று இரண்டு மூன்று நாலு
ஐந்து
ஆறு.

அந்தப் படத்தில் ஹெவின் ஒரு நொடிகூட இல்லை.
நீளம் அதிகமென்று முழுக்க வெட்டிவிட்டார்கள்.
பாலக் காட்சியின் சத்தம் மட்டும் அந்த வெட்டுப்பாறையில் பிடித்தது,
கழுவாமல், துடைக்காமல், அப்படியே வைத்தேன்.

அன்றிரவும் போன் வந்தது.
"ஆறும் இருக்கிறது" என்றார். "சுத்தமாக இருக்கிறது."
பெட்டிகளின் பச்சை கொஞ்சம் தப்பு என்றார்.
பிறகு, தயங்கி,
"நடுவில் யாரோ மூச்சு வாங்குகிறார்கள்.
அதை எடுத்திருக்கலாம்."